கேம் பெட்டியில் படம் பார்க்கும் செம்மநத்தத்துப் பிள்ளைகளுக்கு

அன்புள்ள தம்பி, தங்கைகளுக்கு,

பெங்களூரிலும் ஓசூரிலும் கோயம்புத்தூரிலும் வேலை பார்க்கும் செம்மநத்தத்துப் பிள்ளைகள் பொங்கலுக்கும் சேர்வராயன் திருவிழாவுக்கும் மலையேறும்போது, துணிப் பையோடு இப்போது கேம் பெட்டி ஒன்றும் கூடவே வருகிறது. சிலரிடம் பிளேஸ்டேஷன், சிலரிடம் எக்ஸ்பாக்ஸ். லீவு முடிந்ததும் 'அப்பாவும் அம்மாவும் படம் பார்க்கட்டும்' என்று பெட்டியை வீட்டிலேயே விட்டுவிட்டு இறங்கிவிடுகிறீர்கள். அதற்கப்புறம் போன் எனக்கு வருகிறது. இந்த ஏற்காடு மலையில் டிவி, டிஷ் வேலை பார்க்கிறவன் நான். "அண்ணே, கேம் பெட்டியில படம் வருமா? பாதியில சுத்திக்கிட்டே நிக்குதே, ஏன்? பேசாம நாங்களும் ஒண்ணு வாங்கிரலாமா?" ஆளுக்கு ஆள் பதில் சொல்வதைவிட, எல்லோருக்கும் சேர்த்து எழுதிவிடுவது நல்லது என்று தோன்றியது.

முடிவை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். கையில் கேம் பெட்டி இருந்தால் படத்துக்கென்று வேறு எதுவும் வாங்க வேண்டாம். கையில் இல்லையென்றால், படம் பார்க்க மட்டும் அதை வாங்காதீர்கள். இரண்டுக்கும் காரணம் உண்டு.

கேம் பெட்டியில் படம் பார்ப்பது இன்று நேற்று வந்த பழக்கம் இல்லை. 2000 மார்ச்சில் ஜப்பானில் பிளேஸ்டேஷன் 2 வந்தபோது விலை 39,800 யென். அன்றைக்கு அங்கே பல டிவிடி பிளேயர்கள் அதைவிட விலை கூடுதல். விளையாட்டில் அக்கறை இல்லாதவர்கள்கூட, டிவிடி ஓடுகிறதே என்று அதை வாங்கிப் போனார்கள். உலகம் முழுக்க 16 கோடி பெட்டி விற்றதற்கு அதுவும் ஒரு காரணம். 2006இல் பிளேஸ்டேஷன் 3 ப்ளூரேயோடு வந்தது. எதிர்த்து நின்ற ஹெச்டி டிவிடியை 2008 பிப்ரவரியில் தோஷிபா கைவிட்டது என்றால், அதில் இந்தப் பெட்டிக்கும் பங்குண்டு. அதே ஆண்டு நவம்பரில் எக்ஸ்பாக்ஸ் 360இல் நெட்ஃபிளிக்ஸ் வந்தது. தட்டு இல்லாமல் லைன் வழியாகவே படம் பார்க்கும் வேலை கேம் பெட்டிக்குள் அப்படித்தான் நுழைந்தது.

2013இல் நடந்ததையும் தெரிந்துகொள்ளுங்கள். அந்த ஆண்டு மே மாதம் மைக்ரோசாஃப்ட் எக்ஸ்பாக்ஸ் ஒன்னை அறிமுகப்படுத்தியபோது பேச்செல்லாம் டிவியைப் பற்றியே. கேபிள் பெட்டியை இதில் சொருகலாம், வாயால் சொன்னால் சேனல் மாறும் என்றார்கள். விலை 499 டாலர். சோனி விளையாட்டை முன்னால் வைத்து பிளேஸ்டேஷன் 4ஐ 399 டாலருக்கு விட்டது. விற்பனையில் ஜெயித்தது சோனி. விளையாட்டோடு படமும் வந்தால் ஜனங்களுக்குச் சந்தோஷம்தான். படத்துக்காகக் கூடுதல் காசு கொடுக்க மட்டும் ஆளில்லை. நான் உங்களுக்குச் சொல்ல வருவதும் அதுவே.

சினிமா நம் மலைக்கு ரொம்பத் தூரம் இல்லை. டி.ஆர்.சுந்தரம் 1935இல் தொடங்கிய மாடர்ன் தியேட்டர்ஸ் நமக்குக் கீழே சேலத்தில், ஏற்காடு சாலையில்தான் இருந்தது. தமிழின் முதல் வண்ணப் படமான 'அலிபாபாவும் 40 திருடர்களும்' 1956இல் அவர்கள் எடுத்ததுதான். படம் எடுக்கிற இடம் காலடியில் இருந்தும், படம் பார்க்க மலைக்காரர்கள் 20 கொண்டை ஊசி வளைவு இறங்க வேண்டியிருந்தது. அப்புறம் வீடியோ டெக் வந்தது. வாடகைக்கு எடுத்து விடிய விடிய மூன்று படம் போட்ட காலம் அது. 2006இலிருந்து அரசு இலவச வண்ணத் தொலைக்காட்சி கொடுத்தது. அதன்பிறகு டிஷ். இப்போது நீங்கள் கொண்டுவரும் பெட்டி.

இலவச டிவி என்றதும் ஒன்று சொல்ல வேண்டும். அந்த 14 அங்குல டிவி சில வீடுகளில் இன்னும் ஓடிக்கொண்டிருக்கிறது. அதில் ஹெச்டிஎம்ஐ கிடையாது. பிளேஸ்டேஷன் 3 வரை மஞ்சள், சிவப்பு, வெள்ளை வயர் போட வழி இருந்தது. 4இலிருந்து ஹெச்டிஎம்ஐ மட்டும்தான். கன்வெர்ட்டர் மாட்டினால் கேம் வரும், படம் வராமல் போகலாம். திருட்டுத்தனமாகப் பதிவு செய்வதைத் தடுக்கும் பூட்டு ஒன்று பெட்டிக்குள் இருக்கிறது. அதைத் திறந்துவிட்டால் படச் செயலிகள் ஓட மறுக்கும். பழைய டிவி வீட்டுக்குப் புதிய பெட்டியைக் கொண்டுவராதீர்கள்.

இனி, பாதியில் சுற்றிக்கொண்டே நிற்கிற கதைக்கு வருவோம். பத்தில் ஒன்பது தடவை பெட்டியில் கோளாறு இருக்காது. லைன்தான். ஹெச்டி தரத்தில் ஒரு மணி நேரத்துக்கு 3 ஜிபி வரையும், 4கே என்றால் 7 ஜிபி வரையும் போகும் என்பது நெட்ஃபிளிக்ஸே சொல்லும் கணக்கு. நாளுக்கு 2 ஜிபி பேக் போட்ட போனில் ஹாட்ஸ்பாட் வைத்து ஹெச்டியில் படம் போட்டால் நாற்பது நிமிடத்தில் பேக் காலி. இடைவேளைக்கு முன்பே படம் நின்றுவிடும். போனில் பார்க்கும்போது இந்தத் தொல்லை தெரியாததற்குக் காரணம், சின்னத் திரைக்குக் குறைந்த தரமே போதும். பெரிய டிவியில் சொருகிய பெட்டியோ லைன் இடம் கொடுக்கிற வரைக்கும் உயர்ந்த தரத்தைத்தான் இழுக்கப் பார்க்கும்.

வழி இருக்கிறது. உங்கள் நெட்ஃபிளிக்ஸ் கணக்கின் அமைப்புகளுக்குப் போய், டேட்டா அளவை நடுத்தரத்துக்கு மாற்றிவையுங்கள். அப்போது ஒரு மணி நேரத்துக்கு 0.7 ஜிபி அளவோடு நிற்கும். இரண்டரை மணி நேரப் படம் 1.75 ஜிபியில் முடிந்துவிடும். 2 ஜிபி பேக்குக்குள் வணக்கம் வரைக்கும் பார்த்துவிடலாம். முகம் கொஞ்சம் மங்கலாகத் தெரியும். நின்று நின்று வருவதற்கு அது எவ்வளவோ தேவலாம்.

அடுத்தது, கேம் அப்டேட். பெட்டி அணைந்திருக்கிற மாதிரித்தான் இருக்கும். உள்ளே ஓய்வு நிலையில் விழித்துக்கொண்டு, நீங்கள் ஏற்றி வைத்த கேமுக்கு அப்டேட் இறக்கிக்கொண்டிருக்கும். பெரிய கேம்கள் 100 ஜிபி அளவில் இருக்கின்றன. அப்டேட்டே பல ஜிபி வரும். ஊரில் விட்டுவிட்டுப் போகும் பெட்டியில் தானாக அப்டேட் ஆவதை நிறுத்திவிட்டுப் போங்கள். 'டேட்டா எங்கே போகுதுன்னே தெரியல' என்று உங்கள் அப்பா கடைக்காரரிடம் சண்டை போடுவது மிச்சமாகும்.

இன்னொன்றையும் கணக்கில் வைத்துக்கொள்ளுங்கள். சேலம் பஸ் ஸ்டாண்டில் நல்ல சிக்னலில் போனில் படத்தை இறக்கிக்கொண்டு, மலையில் நெட் இல்லாமலே பார்க்கலாம். கேம் பெட்டியில் நெட்ஃபிளிக்ஸ் படத்தை அப்படி இறக்கி வைக்க முடியாது. பெட்டிக்கு லைன் உயிரோடு இருக்க வேண்டும். 2024 டிசம்பர் தொடக்கத்தில் ஃபெஞ்சல் புயல் மழையில் மலைப்பாதையில் மண் சரிந்து போக்குவரத்தே நின்றது ஞாபகம் இருக்கும். அந்த மாதிரி நாட்களில் லைனை நம்பிய பெட்டி சும்மா உட்கார்ந்திருக்கும்.

ஆகவேதான் சொல்கிறேன்: வாங்குவதென்றால் தட்டு போடுகிற பெட்டியாக வாங்குங்கள். பிளேஸ்டேஷன் 5இன் டிஜிட்டல் வகையிலும் எக்ஸ்பாக்ஸ் சீரீஸ் எஸ்ஸிலும் தட்டு வாய் இல்லை. 2021 பிப்ரவரியில் பிளேஸ்டேஷன் 5 இந்தியாவில் வந்தபோது தட்டு வகை 49,990 ரூபாய், டிஜிட்டல் வகை 39,990 ரூபாய். பட்டணத்தில் இருப்பவர்களுக்கு அந்தப் பத்தாயிரத்தை மிச்சம் பிடிப்பது புத்திசாலித்தனமாக இருக்கலாம். மழை பெய்தால் நெட் போகிற மலையில் அந்த வாய்தான் பெட்டிக்கே மரியாதை. 2007இல் மோசர் பேயர் தமிழ்ப் படங்களை விசிடி 28 ரூபாய்க்கும் டிவிடி 34 ரூபாய்க்கும் விற்றது; அலமாரியில் அந்த டிவிடி இன்னும் கிடந்தால் துடைத்துப் போடுங்கள், ஓடும். விசிடி ஓடாது. பாட்டு சிடியும் பிளேஸ்டேஷன் 4, 5 இரண்டிலும் ஓடாது.

ஆனால் தட்டு ஓட்டவும் முதல் தடவை நெட் வேண்டும். பிளேஸ்டேஷன் 4 ஒரு தடவை இணையத்தோடு பேசிய பிறகுதான் டிவிடியைத் திறக்கும். எக்ஸ்பாக்ஸில் ப்ளூரே செயலியைத் தனியாக இறக்க வேண்டும். கழற்றி மாட்டும் தட்டு வாய் உள்ள புதிய பிளேஸ்டேஷன் 5இல், மாட்டும்போது பதிவு செய்ய நெட் கேட்கும். இதையெல்லாம் பெங்களூர் அறையிலேயே முடித்து, ஒரு டிவிடியைப் போட்டு ஓடவிட்டுப் பார்த்த பிறகு மூட்டை கட்டுங்கள். சிங்கப்பூர் மாமா, துபாய் சித்தப்பா வாங்கிக் கொடுத்த பெட்டி என்றால் இன்னொரு சிக்கல். ப்ளூரேவுக்கு வட்டாரப் பூட்டு உண்டு: இந்தியா சி, சிங்கப்பூர் ஏ, துபாய் பி. கேம் எங்கே வாங்கினாலும் ஓடும். படத்தட்டு அப்படியில்லை, உறையைத் திருப்பிப் பார்த்து வாங்குங்கள்.

கரண்டைப் பற்றியும் பேசியாக வேண்டும். அமெரிக்காவின் இயற்கை வளப் பாதுகாப்பு மன்றம் 2014இல் கேம் பெட்டிகளை அளந்து பார்த்தது. ஒரே படத்தை ஓட்ட, டிவியில் சொருகும் சின்னக் கருவிகளைவிட எக்ஸ்பாக்ஸ் ஒன்னும் பிளேஸ்டேஷன் 4உம் 30 முதல் 45 மடங்கு மின்சாரம் இழுத்தன என்றது. புதிய பெட்டிகள் கொஞ்சம் சிக்கனம். பெட்டிக்கு 50 வாட், சொருகும் ஸ்டிக்குக்கு 3 வாட் என்று வைத்துக்கொள்ளுங்கள். தினம் மூன்று மணி நேரம் படம் ஓடினால் இரண்டு மாதத்துக்குப் பெட்டி 9 யூனிட் தின்னும். ஸ்டிக் அரை யூனிட்டோடு நின்றுவிடும். இரண்டு மாதத்துக்கு 100 யூனிட் இலவசம் என்பதால் அந்த எல்லைக்குள் இருக்கிற வீட்டுக்கு இது பெரிய பாரம் இல்லை. எல்லையில் நிற்கிற வீட்டுக்கு ஒன்பது யூனிட் தெரியும். ஏற்கெனவே பெட்டி இருக்கிறவர்கள் இதற்காகப் பயப்பட வேண்டாம். படத்துக்காக மட்டும் வாங்க நினைக்கிறவர்களுக்குச் சொல்கிறேன்: அது ஒரு படி காப்பிக்கொட்டை இறக்க லாரி பிடிக்கிற மாதிரி.

சந்தா விஷயத்துக்கு வருகிறேன். பிளேஸ்டேஷன் பிளஸோ கேம் பாஸோ இல்லாமலே படச் செயலிகள் ஓடும். 2014 ஜூன் வரை எக்ஸ்பாக்ஸில் நெட்ஃபிளிக்ஸ் பார்க்க மைக்ரோசாஃப்டுக்கும் தனிச் சந்தா கட்ட வேண்டியிருந்தது. அந்தப் பழைய கதையை நம்பி இன்னும் சிலர் காசு கட்டுகிறார்கள். 149 ரூபாய் நெட்ஃபிளிக்ஸ் மொபைல் திட்டம் பெயருக்கேற்ற மாதிரி போனுக்குத்தான். டிவியிலும் கேம் பெட்டியிலும் வராது. தமிழ் சேனல்காரர்களின் செயலிகள் எல்லாம் எல்லாப் பெட்டியிலும் இருக்கும் என்று நினைக்க வேண்டாம். வாங்கும் முன் பெட்டியின் கடைப் பக்கத்தில் தேடிப் பாருங்கள். நெட்ஃபிளிக்ஸும் யூடியூபும் இருந்தால் உங்களுக்குப் போதும். அம்மா பார்க்கிற சீரியல் வேறெங்காவது இருக்கும்.

கணக்கு யாருடையது என்பதும் முக்கியம். 2023 ஜூலை 20இலிருந்து நெட்ஃபிளிக்ஸ் இந்தியாவிலும் ஒரு கணக்கு ஒரு வீட்டுக்கு என்று சொல்லிவிட்டது. உங்கள் கணக்கின் வீடு பெங்களூர் அறை. பெட்டி இருப்பது செம்மநத்தத்தில். ஒரு வீட்டில் ராத்திரி ஒன்பதரைக்குக் கூப்பிட்டார்கள். திரையில் இந்த வீட்டுக்கு இந்தக் கணக்கு இல்லை என்று எழுதி, குறியீட்டு எண் கேட்டு நிற்கிறது. எண் பேரனின் மெயிலுக்குப் போயிருக்கிறது. பேரன் நைட் ஷிஃப்டில், போனை லாக்கரில் வைத்துவிட்டு உள்ளே போய்விட்டான். எண்ணுக்கு ஆயுள் சில நிமிடம்தான். தாத்தா கண்ணாடியைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டு, "இதுக்கு டிஷ்ஷே மேல்" என்று ஒரே வார்த்தையில் முடித்துவிட்டார். ஊர் வீட்டுக்கென்று தனியாக ஒரு சின்னத் திட்டம் போட்டு, எண் வரும் போன் வீட்டிலேயே இருக்கிற மாதிரி செய்துவிட்டுப் போங்கள். கார்டு விவரத்தைப் பெட்டியில் சேமித்து வைக்காதீர்கள். தாத்தா படம் பார்ப்பார். பக்கத்து வீட்டுப் பொடியன் அதே கன்ட்ரோலரில் கேமுக்குக் காசு கட்டிவிடுவான்.

கன்ட்ரோலர் பெரியவர்களுக்கான கருவி இல்லை. பாயில் வைத்தால் குச்சி சாய்ந்து படம் முன்னுக்கும் பின்னுக்கும் தாவுகிறது. சட்டையில் ஏதோ ஒரு பொத்தான் பட்டால் முகப்புக்கே போய்விடுகிறது. ஹெச்டிஎம்ஐ வழியாக டிவியும் பெட்டியும் பேசிக்கொள்ளும் வசதியை அமைப்புகளில் திறந்துவைத்தால் பல டிவிகளின் ரிமோட்டே பெட்டியை ஓட்டும். இல்லையென்றால் படத்துக்கென்று விற்கும் ரிமோட்டை வாங்கிக் கொடுங்கள். படத்தை நிறுத்த, ஓட்ட, வெளியே வர எதை அழுத்த வேண்டும் என்று ஊரை விட்டு இறங்குமுன் உட்கார்ந்து சொல்லிக்கொடுங்கள்.

என் தொழில் பக்கமிருந்தும் சில வார்த்தை. கோடை மழை இடியோடு வரும். மேகம் கறுத்ததும் பிளக்கையும் நெட் வயரையும் பிடுங்கச் சொல்லுங்கள். சுவிட்சை அணைத்தால் மட்டும் போதாது. அப்டேட் ஓடும்போது கரண்ட் போனால் பெட்டி அடுத்த தடவை எழுந்திருக்க அடம் பிடிக்கும். சின்ன யுபிஎஸ் ஒன்று இருந்தால் நல்லது. மூடுபனி மாதங்களில் ஈரம் உள்ளே இறங்கும். பெட்டியைச் சுவரோடு ஒட்டி வைக்காதீர்கள், மேலே துணி போட்டு மூடி ஓட்டாதீர்கள். குளிர்காலத்தில் இந்த மலையில் கதகதப்பான இடம் என்று கரப்பான் தேடிப் போவது பெட்டியின் காற்று வாய்தான். கழற்றினால் உள்ளே குடும்பமே இருக்கும்.

கடைசியாக ஒன்று. பெட்டியின் கடையில் படத்தைக் காசு கொடுத்து வாங்கியவர்கள் பாடமும் இருக்கிறது. சோனி 2021 ஆகஸ்ட் 31க்குப் பிறகு பிளேஸ்டேஷன் கடையில் படம் விற்பதை நிறுத்தியது. 2022இல் ஜெர்மனியிலும் ஆஸ்திரியாவிலும், வாங்கிய சில படங்களே உரிமம் முடிந்ததால் நூலகத்திலிருந்து காணாமல் போயின. மைக்ரோசாஃப்டும் 2025 ஜூலையில் படம் விற்பதை விட்டுவிட்டது. நிண்டெண்டோ வீயில் நெட்ஃபிளிக்ஸ் 2019 ஜனவரியோடு நின்றது. பெட்டி நன்றாக இருக்கும்போதே செயலி செத்துப்போகும் காலம் இது. மோசர் பேயர் கம்பெனியையே கலைக்கச் சொல்லி 2018இல் உத்தரவாகிவிட்டது. 34 ரூபாய்த் தட்டு இன்னும் ஓடுகிறது.

ஆகவே, விளையாட ஆசை இருந்தால் பெட்டி வாங்குங்கள், படம் அதோடு சும்மா வரும். படத்துக்காக மட்டும் என்றால் நாலாயிரம், ஐயாயிரத்துக்கு ஒரு ஸ்டிக் போதும். மிச்சப் பணத்தை லைனுக்குப் போடுங்கள்.

அந்த லைன் விஷயத்தில்தான் உங்களிடம் கேட்கிறேன். தமிழ்நாட்டின் 12,525 ஊராட்சிகளுக்கும் கண்ணாடி இழை கொண்டுபோகும் திட்டம் டான்ஃபிநெட் என்ற அரசு நிறுவனத்தின் கையில் இருக்கிறது. ஊராட்சிக்கு வரும் கம்பி வீட்டு வாசலுக்குத் தானாக வராது. கேட்கிற ஊருக்கு வரும். வருடத்தில் ஆறு நாள் கிராம சபை கூடுகிறது: ஜனவரி 26, மார்ச் 22, மே 1, ஆகஸ்ட் 15, அக்டோபர் 2, நவம்பர் 1. லைன் வேண்டும் என்று தீர்மானம் போட அதுதான் இடம். பொங்கலுக்கு வருகிறவர்கள் மனு எழுதிக் கையெழுத்துப் போட்டு, ஜனவரி 26 கூட்டத்துக்கு வீட்டுப் பெரியவர்கள் கையில் கொடுத்துவிட்டுப் போங்கள். மே மாத லீவில் இருப்பவர்கள் 1ஆம் தேதி நேரில் போய் உட்காருங்கள். படத்துக்கு மட்டும் என்று கேட்காதீர்கள். பிள்ளைகளின் படிப்புக்கும் காப்பி விலை பார்க்கவும் அதே கம்பிதான்.

இப்படிக்கு,
மலையில் டிவி வேலை பார்க்கும் உங்கள் அண்ணன்